நேரம் சரியில்லை

போன் வந்ததுமே அருண்பாண்டி சட்டையை மாற்றிக்கொண்டு, கொஞ்சம் சென்ட்டும் அடித்துக்கொண்டான். கம்ப்யூட்டர் ரிப்பேருக்குப் போகிறவனுக்கு இதெல்லாம் தேவையில்லைதான். ஆனால் கூப்பிட்டது ஷாரோன்.

போடியில் தேவாரம் ரோட்டில், ஜாக்கெட்டுக்கு எம்பிராய்டரி போடும் கடை அவளுடையது. ஒரே மாதத்தில் இது நாலாவது அழைப்பு.

"சார், மறுபடியும் 'நேரம் சரியில்லை'ன்னு டிசைன் சாஃப்ட்வேர் தொறக்க மாட்டேங்குது. வெரசா வாங்க."

ஏலக்காய் மூட்டை ஏற்றிய ஜீப்புகளுக்கு நடுவே பைக்கை வளைத்து வளைத்து ஓட்டிப் பத்தே நிமிடத்தில் போய் நின்றான்.

லைசென்ஸ் வாங்கிய சாஃப்ட்வேர் அது. கம்ப்யூட்டரின் கடிகாரம் தப்பாக ஓடினால், ஏதோ தில்லுமுல்லு என்று பூட்டிக்கொள்ளும். முதல் தடவை தேதி ஒரு வருஷம் பின்னால் போயிருந்தது, பேட்டரியை மாற்றினான். அடுத்த தடவை நம்மூர் நேரம் லண்டன் நேரமாகியிருந்தது. மூன்றாம் தடவை, இன்டர்நெட்டைப் பார்த்து நேரத்தைத் தானே திருத்திக்கொள்ளும் வசதி அணைந்து கிடந்தது.

அன்றைக்கே அவனுக்குப் பொறி தட்டியது. புது பேட்டரி போட்ட கம்ப்யூட்டர் தானாக லண்டனுக்குப் போகாது. கை வைப்பது அவள்தான். கடையில் வேறு ஆளே இல்லை.

வேலை முடியும்வரை நாற்காலியை இழுத்துப் போட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பாள். "மெதுவாவே பண்ணுங்க சார், அவசரமில்ல" என்பாள். கல்யாணம் கோயிலிலா சர்ச்சிலா என்பதுவரை அவன் யோசித்துவிட்டான்.

இன்றைக்குத் தேதி 2040-இல் நின்றது. அதைத் திருத்தி, லைசென்ஸையும் புதுப்பித்தான். சாஃப்ட்வேர் திறந்துகொண்டது. மூச்சை இழுத்துவிட்டுக் கேட்டேவிட்டான்.

"இது தானாக் கெடல. நீங்கதான மாத்துறீங்க?"

ஷாரோன் தலையைக் குனிந்துகொண்டாள். "கண்டுபிடிச்சிட்டீங்களா?"

"அப்பவே! எதுக்குன்னு சொல்லுங்க, கோவிச்சுக்க மாட்டேன்."

அவள் டிராயரைத் திறந்து, தங்க எழுத்துப் போட்ட பத்திரிகை ஒன்றை நீட்டினாள். அருண்பாண்டி தயங்கித் தயங்கி வாங்கினான். கல்யாணம் நிச்சயமாகிவிட்டதா?

பயந்துகொண்டே பிரித்தான். கல்யாணம் இல்லை. 'ஷாரோன் கம்ப்யூட்டர் சர்வீஸ்' திறப்பு விழா. இடம், அவனுடைய ரிப்பேர் கடைக்கு நேர் எதிரே.

"நாலு விதமாக் கெடுத்தாத்தானண்ணே, நாலு விதமாச் சரிபண்ணக் கத்துக்க முடியும்!"