முன்னங்கால் சூடு

பந்தய நாள் காலையில் ஜெயசீலன் தன் குதிரைகளின் முன்னங்கால்களைத் தடவிப் பார்ப்பார். ஒரு கால் மற்றதைவிடச் சூடாக இருந்தால் உள்ளே தசைநார் வீங்கியிருக்கிறது என்று பொருள். அதோடு ஓடினால் குதிரையின் கால் போய்விடும். முப்பது வருடமாக அவருடைய உள்ளங்கை ஏமாந்ததில்லை. இன்றைக்கோ அவருக்கே காய்ச்சல். தன் லாயத்திலேயே பிறக்கவைத்து, பழக்கி, முதல் பந்தயத்துக்குக் கொண்டுவந்திருக்கும் செவலைப் பெண்குதிரையின் இரண்டு கால்களும் அந்தக் கைக்கு ஒன்றுபோலக் குளிர்ந்திருந்தன. கையை நம்பலாமா என்றுதான் தெரியவில்லை. கஞ்சி கொண்டுவந்த மனைவி பிலோமினாவிடம், "நீ கொஞ்சம் தொட்டுப் பாரேன்" என்றார்.

"உங்க சின்ன வீட்ட நான் தொடணுமா?" என்று சிரித்துக்கொண்டே, முந்தானையைச் செருகிக் குனிந்தாள். பிள்ளைகளின் நெற்றியைத் தொடுவதுபோல் புறங்கையால் இரண்டு கால்களையும் மாற்றி மாற்றித் தொட்டாள். பிறகு எழுந்து, தள்ளி நின்று வெகுநேரம் பார்த்தாள்.

"சூடா இருக்கா?"

"சூடெல்லாம் எனக்குப் புரியலங்க. ஆனா இவ இன்னைக்கு ஓட வேணாம். இடது கால்ல பாரம் வைக்காம நிக்கிறா. ரொம்ப லேசா, யாருக்கும் தெரியாம."

"எனக்கே தெரியல, உனக்கு எப்படித் தெரிஞ்சுது?"

"மூட்டு வலிய எங்கிட்ட மறைக்கிறப்ப நீங்களும் இப்படித்தான நிப்பீங்க?"

ஜெயசீலன் சட்டென்று இரண்டு கால்களையும் சமமாக ஊன்றிக்கொண்டார். குதிரை ஊன்றவில்லை.