சேறு காய்கிறவரை

முதல் கரண்டிக் கலவையை நான் வாசல் சுவரில் அப்பியதும் தெருவே வந்து நின்றுவிட்டது.

எங்கள் ஊரில் சுவருக்கு யாரும் வெளிப்பூச்சு பூசுவதில்லை. மரமும் வைப்பதில்லை. காய்க்கிறவரைக்கும் இங்கே யார் இருக்கப்போகிறார்கள்?

வேறெங்கோ போய்க்கொண்டிருந்த எங்கள் முன்னோர்களின் வண்டிகள்தான் ஒரு மழையில் இங்கே சேற்றில் புதைந்தன. காய்ந்ததும் கிளம்பலாம் என்று இறங்கினார்கள். சும்மா இருப்பானேன் என்று கொஞ்சம் விதைத்தார்கள். விளைந்து தொலைத்தது. சரி, அறுத்துவிட்டுப் போகலாம் என்றார்கள். அறுத்து முடித்ததும் மறுபடி மழை.

என் பாட்டனின் பாட்டன் காலத்துச் சேறு. இன்னும் காயவில்லை போலும்.

இந்தக் கதையைச் சொல்லித்தான் பெண் கேட்டேன். அவளும் சிரித்துவிட்டுச் சம்மதித்தாள். அப்போது வேடிக்கையாகத்தான் இருந்தது.

நேற்று அவள் சிரிக்கவில்லை.

“ஒண்ணு கிளம்புங்க, இல்ல இருங்க. கிளம்பற மாதிரியே இருக்க இனி என்னால ஆகாது.”

இன்று சாயங்கால பஸ்ஸில் அக்கா வீட்டுக்குப் போகிறாள். திரும்பி வருவதைப் பற்றி அவள் பேசவில்லை; கேட்க எனக்குத் தைரியமில்லை. வெளியூர் போகும்போது உடுத்தும் புடவையைக் கட்டிக்கொண்டு வாசற்படியில் உட்கார்ந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

எனக்குப் பூசத் தெரியாது. சொல்லிக்கொடுக்க ஊரில் ஒரு கொத்தனாரும் கிடையாது. சுவரில் ஒட்டியதைவிட என் மீசையில் ஒட்டியது அதிகம்.

“என்ன மாப்ளே, அப்ப நீ எங்களோட வரலையா?” என்றார் மாவுமில்காரர், ஏதோ விடிந்தால் பயணம் என்பதுபோல. “நாங்கல்லாம் போனப்புறம் இந்தச் சுவரோடதான் பேசிக்கிட்டு இருக்கப்போற.”

தெரு சிரித்தது. நானும் சிரித்தேன். கரண்டி நழுவிக் கீழே விழுந்தது. எடுத்துத் துடைத்துவிட்டு மறுபடி பூசினேன்.

வெயில் தாழ்ந்தது. வயலில் நெற்கதிர்களின் மேல் மஞ்சள் புகைபோல ஏதோ எழுந்து தெருவுக்குள் வந்தது. அந்த வெளிச்சத்தில் வீடுகளெல்லாம் தரையைத் தொடாமல் நிற்பதுபோல இருந்தன. கூட்டம் ஒவ்வொருவராகக் கரைந்தது. என் சுவர் மட்டும் மேடும் பள்ளமுமாக, ஈரமாக, இங்கேயே நின்றது.

அவள் படியிலேயே உட்கார்ந்திருந்தாள்.

வளைவில் பஸ்ஸின் ஹார்ன் கேட்டபோது மாவுமில்காரர் மறுபடி வந்தார். தனியாக. துண்டுக்கு அடியில் ஒரு சின்னக் கிண்ணம்.

“கலவை மிச்சம் இருக்கா?” தெருவின் இரண்டு பக்கமும் பார்த்துக்கொண்டார். “சும்மா, ஒரு மூலையில மட்டும்.”

சட்டியின் அடியில் ஒரு கைப்பிடிதான் இருந்தது.

ஹார்ன் இன்னும் கிட்டத்தில் கேட்டது. அவள் எழுந்தாள்.

என் கையிலிருந்த சட்டியை வாங்கி, மிச்சத்தை வழித்து அவர் கிண்ணத்தில் போட்டாள்.

“இது எந்த மூலைக்கு அண்ணே? நாளைக்குக் காலையில வாங்க, நிறையக் கலக்கறோம்.”