மறுபடி கடை திறந்த நாள்

திலக்தாரி ராய் ரேஷன் கடையின் ஷட்டரைத் தூக்கியபோது வாசலில் ஊரே நின்றிருந்தது.

யாரும் பேசவில்லை.

பயம் என்று நினைத்துக்கொண்டார். இருக்கட்டும்.

மழைக்காலத்துக்கு முன்னால் இதே கூட்டம்தான் அவர் மேல் புகார் கொடுத்துவிட்டு, "திருட்டு டீலர்" என்று கத்திக்கொண்டே அவர் வீடு வரை வந்தது. அதிகாரி லைசென்ஸை நிறுத்தி வைத்தார். மனைவியை அழைத்துக்கொண்டு பாட்னாவில் மைத்துனன் வீட்டுக்குப் போன ராய், இன்று காலைதான் திரும்பி நேராகக் கடைக்கு வந்திருந்தார். இத்தனை மாதத்தில் ஊரிலிருந்து ஒருவரும் அவருக்கு போன் செய்யவில்லை. அவரும் செய்யவில்லை.

ஐகோர்ட்டில் ஜெயித்துவிட்டார். நோட்டீஸ் கொடுக்காமல், ஒரு வார்த்தை விளக்கம் கேட்காமல் லைசென்ஸை நிறுத்தியது செல்லாதாம். எடையைக் குறைத்தாரா இல்லையா என்று நீதிபதி கேட்கவே இல்லை. அந்தப் பேச்சையே எடுக்க வேண்டாம் என்று வக்கீலும் சொல்லியிருந்தார்.

கடை மூடியிருந்த காலத்தில் இந்த ஊர் கார்டுகளையெல்லாம் பாக்மதி ஆற்றுக்கு அக்கரையில் உள்ள கடையோடு சேர்த்துவிட்டார்கள். வெள்ளத்தில் படகேறிப் போய் அரிசி வாங்கி வந்திருக்கிறார்கள். இப்போதாவது தன் அருமை தெரிந்திருக்கும் என்று ராய்க்குத் தோன்றியது.

முஸஃபர்பூரில் வாங்கி வந்த லட்டுப் பெட்டியைப் பிரித்து ஆளுக்கொன்று கொடுத்தார். வாங்கிக்கொண்டார்கள். ஒருவரும் வாயில் போடவில்லை.

அப்போதுதான் ராம்ரதி வந்தாள்.

கூட்டம் தானாக விலகி அவளை முன்னால் விட்டது. அவமானப்படட்டும் என்றுதான் விடுகிறார்கள் என்று ராய் எடுத்துக்கொண்டார்.

புகாரில் முதல் கைநாட்டு அவளுடையது. அவளுக்குப் படிக்கத் தெரியாது. அவள் மகள் குசுமிக்குத் தெரியும். தராசில் எண் தெரியும் பக்கத்தை ராய் தன்னை நோக்கித் திருப்பி வைத்திருந்தாலும், அந்தப் பெண் மூட்டை மேல் ஏறி எட்டிப் பார்த்து, வரிசை முழுக்கக் கேட்கும்படி படிப்பாள்.

"டீலர் சாச்சா, இருபதுக்குப் பதினாறுதான் காட்டுது!"

அப்போதெல்லாம் ஊர் சிரித்த சிரிப்பு பாட்னாவிலும் அவரைத் தூங்கவிடவில்லை. ரயிலில் வரும் வழியெல்லாம் இந்த நிமிடத்துக்கான வார்த்தைகளைத்தான் மனதுக்குள் சேர்த்துக்கொண்டு வந்தார்.

ராம்ரதி ரேகை மிஷினில் கட்டைவிரலை வைத்தாள். பச்சை விளக்கு எரிந்தது.

ராய் தராசை எல்லோருக்கும் தெரியும்படி வெளிப்பக்கம் திருப்பினார். அரிசியை அள்ளி அள்ளிப் போட்டார். நாலு பேருக்கு இருபது கிலோ. அதற்கு மேலும் ஒரு கை.

"நல்லா பாத்துக்கோ ராம்ரதி. அப்புறம் குறைஞ்சுதுன்னு கோர்ட்டு கச்சேரின்னு இழுக்காதே. எங்க உன் பொண்ணு, அந்த வக்கீலம்மா? கூப்பிடு அவளை. வந்து சத்தமா படிக்கட்டும், நானும் கேக்கறேன்."

பின்னால் யாரோ "ராம் ராம்" என்று முனகினார்கள். ஒருத்தி முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள்.

ராம்ரதி தராசைப் பார்க்கவில்லை. பையின் வாயை இரண்டு கையாலும் விரித்துப் பிடித்திருந்தாள்.

"மூணு பேருக்குப் போடுங்க மாலிக். போதும்."

"மிஷின் நாலுன்னு காட்டுதே?"

பை விரிந்தபடியே இருந்தது.

படகுக்கார ஜோகன்தான் சொன்னான். அவர் முகத்தைப் பார்க்காமல், ஆற்றுப் பக்கம் திரும்பிக்கொண்டு.

"ஆத்தாளுக்குக் காய்ச்சல்னு போன மாசம் குசுமி பாப்பாதான் அக்கரைக் கடைக்கு வந்துச்சு. திரும்பும்போது நடு ஆத்துல படகு கவுந்துடுச்சு. நாங்கல்லாம் நீந்திக் கரையேறிட்டோம்."

தோள் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

"அதுக்கும் நல்லா நீச்சல் தெரியும் மாலிக். மூட்டையைத்தான் விடமாட்டேன்னுடுச்சு."