ஆவி விலகியபோது

தெருமுனைத் தள்ளுவண்டியில் செண்பகம் இட்லிச் சட்டியைத் திறக்கிறாள். ஆவி மேலெழுந்து விலகும்போது அவள் சிரிப்பது தெரிகிறது. இளம்பரிதி எடுத்த குறும்படம் அவ்வளவுதான். யாரும் நின்று பார்க்காத அழகு என்று இணையத்தில் போட்டான். ஆயிரக்கணக்கானோர் பார்த்தார்கள்.

அந்த வாரமே செண்பகம் மகளை இழுத்துக்கொண்டு அதே தெருவில் இருந்த அவன் வீட்டுக்கு ஓடி வந்தாள்.

“எம்புருசன் பாத்துட்டான் தம்பி. அடி தாங்காம ஊர விட்டு ஓடியாந்தவ நான். அத அழிச்சிருங்க.”

உடனே அழித்தான். அதற்குள் யார் யாரோ எடுத்துப் பகிர்ந்திருந்தார்கள். ஒவ்வொருவரிடமும் கெஞ்சி எழுதினான். ‘இவ்வளவு அழகான படத்தை எதற்கு அழிக்கணும்?’ என்று ஒருவர் திருப்பிக் கேட்டார்.

“அழிஞ்சிருச்சா தம்பி?” என்றாள் செண்பகம்.

அவன் செல்பேசியில் அடுத்தவருக்குக் கெஞ்சி எழுதிக்கொண்டிருந்தான்.