பொடி எழுத்து வரி

கண்புரை ஆபரேஷன் முடிந்து ஒரு மாதமாகியும், பழைய தடித்த கண்ணாடிக்குள் எல்லாமே கலங்கலாகத் தெரிகிறது. ஞான மார்க்கத்தைப் பாடம் நடத்தும் பேராசிரியர், இனி கண் அவ்வளவுதான் என்று கண்ணாடிக் கடை நாற்காலியில் இடிந்துபோய் உட்கார்ந்திருக்கிறார். சோதிக்கிற பெண் அந்தக் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, கனத்த பிரேம் ஒன்றை மாட்டி, லென்ஸுகளை மாற்றி மாற்றிச் செருகுகிறாள். “இதுவா சார்?” “இல்லம்மா.” “இது?” “இதுவும் இல்ல.” ஒவ்வொன்றும் டிக்கென்று தட்டில் விழுகிறது. திடீரென்று சுவர் அட்டையின் பொடி எழுத்து வரிகூடப் பளிச்சென்று எழுந்து நிற்கிறது. “இதேதான்! இதையே போட்டுக் கொடும்மா.” “எதைக் கொடுக்க? வெறும் பிரேம்தான் சார். பழைய கண்ணாடியைக் கழட்டினாலே போதும்.” ஜன்னலோரம் மனைவி வாய்விட்டுச் சிரிக்கிறாள். “பிரம்மத்தைத் தேடற வழின்னு முப்பது வருஷமா வகுப்புல இதைத்தானே சொல்றீங்க? இது இல்ல, இதுவும் இல்லன்னு!” அவர் காலி வட்டத்தின் வழியே அவள் கன்னத்து மச்சத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறார்.