நின்ற கடிகாரம்

உலகப் பட்டத்துக்கான கடைசி சதுரங்க ஆட்டம் முடிந்தது. தோற்றவர் கைகுலுக்கினார். பலகையோரம் இருந்த ஆட்டக் கடிகாரமும் நின்றது.

"ஜெயிச்சது நாமதான்!" என்று வெள்ளை ராஜா பலகையில் நெஞ்சை நிமிர்த்தியது. "அப்புறம் ஏன் ரெண்டு பேரும் எழுந்து போகாம திரும்பவும் காய் அடுக்குறாங்க?"

"ஆடினதைப் பேசிப் பார்ப்பாங்க. பெரிய ஆட்டக்காரங்க வழக்கம் அது," என்றது கடிகாரம்.

தோற்றவர் பாதி ஆட்டத்தை மறுபடி அடுக்கி, கறுப்புக் குதிரையை வேறொரு கட்டத்தில் வைத்தார். "இப்படி ஆடியிருந்தா?"

புது சாம்பியன் பலகையில் தலை முட்டுகிற அளவுக்குக் குனிந்து பார்த்தார். "அட, நான் காலி!" என்று குஷியாகத் தொடையைத் தட்டினார்.

வெள்ளை ராஜா நாலா பக்கமும் பார்த்தது. தப்ப ஒரு கட்டம்கூட இல்லை.

"ஏம்ப்பா கடிகாரம்," என்று மெல்லக் கேட்டது, "நீ நின்னது நின்னதுதானே?"