ஹம்சவேணியைக் கேட்காமல்

விளாங்குடி அலுவலகத்தின் மேற்கு ஜன்னல் வழியே நாலு மணி வெயில் கம்ப்யூட்டர் திரையில் விழுந்து கிடக்கிறது. வெங்கடரமணன் ஒரு கையால் வெயிலை மறைத்துக்கொண்டு அந்தக் கோப்பைத் திறக்கிறான். நாற்பது கடைகளின் இணையப் பக்கங்களுக்கும் தலைப்பும் அடிப்பகுதியும் இந்த ஒரே பொதுக் கோப்பிலிருந்துதான் இத்தனை நாளும் போய்க்கொண்டிருந்தன. எழுதியவர் பெயரை முதல் வரியில் போடுவது அலுவலக வழக்கம். ஹம்சவேணி பெயரோடு நிறுத்தவில்லை. ‘இதில் கை வைப்பதற்கு முன் என்னைக் கேட்கவும்’ என்று அடுத்த வரியையும் எழுதியிருக்கிறாள். அவன் மனைவியான அவள் இறந்து எட்டு மாதம் ஆகிறது. எதிர் மேசைத் தங்கப்பாண்டி வடையைக் கடித்தபடி திரும்புகிறான். “புதுக் கோப்பை எல்லாத்துலயும் மாட்டியாச்சு மாப்ள. பழசைத் தூக்கிரு. தங்கச்சி இருந்தப்பவே நீ அதைத் தொடப் பயப்படுவ. நான் அழிக்கவா?” “வேணாம். நானே அழிக்கிறேன்.” மின்விசிறி கடகடக்கிறது. கீழே திண்டுக்கல் பஸ் ஹாரனை விடாமல் அடிக்கிறது. அவன் விரல் பொத்தானை அழுத்துகிறது. கோப்பு இருந்த இடத்தில் வெள்ளைத் திரை. ஒரு பக்கமாவது அவளைக் காணாமல் உடைந்து நிற்கட்டும் என்று ஒவ்வொன்றாகத் திறந்து பார்க்கிறான். ஜவுளிக்கடை திறக்கிறது. பாத்திரக்கடை திறக்கிறது. கப்பலூர் பம்ப் கம்பெனி முன்னைவிட வேகமாகவே திறக்கிறது. நாற்பதாவது பக்கத்தையும் பார்த்துவிட்டு, முதலாவதை மறுபடி திறக்கிறான். தங்கப்பாண்டி எண்ணெய்க் கையைத் தாளில் துடைத்துக்கொண்டு எட்டிப் பார்க்கிறான். “இதுக்குப் போயி இம்புட்டு யோசிச்சியே மாப்ள. ஒண்ணுமே ஆகல, பாரு.”